பலான படத்துல இருந்து இண்டி சினிமாவுக்கு (பெரிய கம்பெனி இல்லாம எடுக்குற சின்ன பட்ஜெட் படம்) வந்தவங்க: யாராச்சும் நிலைச்சு நின்னாங்களா?

டூரிங்_டாக்கீஸ் கேட்டது:

மக்களே ஒரு டவுட்டு. ‘ரெட் ராக்கெட்’ இப்பதான் பாத்து முடிச்சேன், ஷான் பேக்கர் எடுத்தது, 2021. குடும்பத்தோட உக்காந்து பாக்குற படம் இல்ல, அத முன்னாடியே சொல்லிடறேன், அப்பறம் வந்து என்னைய திட்டாதீங்க. கதை என்னன்னா லாஸ் ஏஞ்சலஸ்ல பலான படத்துல ஒரு காலத்துல ஓஹோன்னு இருந்த மைக்கி சேபர்னு ஒருத்தன், எல்லாம் போயி மூஞ்சில காயத்தோட டெக்சாஸ் சிட்டில பஸ்ஸ விட்டு எறங்கி, பிரிஞ்சு போன பொண்டாட்டி வீட்டு வாசல்ல போய் நிக்கிறான். அவளும் மாமியாரும் உள்ள விடவே மாட்டேங்கறாங்க, இவன் வாடகை தரேன், புல்லு வெட்டித் தரேன்னு பேசிப் பேசியே உள்ள நுழைஞ்சிடறான். ஊரச் சுத்த ஒரு சைக்கிள், பின்னாடி எப்பவும் பொகை கக்கிட்டு இருக்குற எண்ணெய் ஃபேக்டரிங்க, இவ்ளோதான் படமே.

அதுல வேலை தேடிப் போற சீன் இருக்கு. போற எடத்துல எல்லாம் ஒரே கேள்விதான், இத்தன வருஷம் எங்க வேலை பாத்தேன்னு. மென்னு முழுங்கிட்டு கடைசில இவனே உண்மைய சொல்லிடறான், எதிர்ல இருக்குறவங்க மூஞ்சி மாறுது, அவ்ளோதான் கத முடிஞ்சுது. காமெடியாதான் எடுத்திருக்காரு ஆனா எனக்கு சிரிப்பு வரல.

அப்பறம் தேடிப் படிச்சா அந்த ரோல் பண்ண சைமன் ரெக்ஸே சின்ன வயசுல காசுக்காக அந்த மாதிரி வீடியோல நடிச்சவராம். இப்ப என் கேள்வி, பேக்கர் இவர எடுத்தது அந்த பழைய கதையாலயா, இல்ல அது இருந்தும் பரவால்லன்னா? அதவிட முக்கியமா, இந்த மாதிரி அந்தப் பக்கத்துல இருந்து இந்தப் பக்கம் வந்தவங்கள்ல ஒரு படத்தோட நிக்காம தொடர்ந்து நடிச்சவங்க யாராச்சும் இருக்காங்களா? தெரிஞ்சவங்க சொல்லுங்க. மொக்க ஜோக் அடிக்க நினைக்கிறவங்க தயவுசெஞ்சு அடுத்த த்ரெட்டுக்கு போயிடுங்க.

---

கட்டிங்_டேபிள்:

ரெண்டுமேன்னு சொல்லலாம் ப்ரோ, ஆனா அது மட்டும் இல்ல, அந்த படம் எப்படி நடந்துச்சுன்னு தெரிஞ்சா உங்களுக்கே புரியும்.

2020ல பேக்கர் வேற ஒரு பெரிய படத்துக்கு ரெடியாகிட்டு இருந்தாரு, கொரோனா வந்து அது நின்னு போச்சு. சரி கைல இருக்குற காச வச்சு சின்னதா ஒண்ணு பண்ணுவோம்னு ஆரம்பிச்சதுதான் ரெட் ராக்கெட். பட்ஜெட் சுமார் 11 லட்சம் டாலர், ஹாலிவுட் கணக்குல அது டீ செலவு. 23 நாள் ஷூட்டிங், கைவிரல் விட்டு எண்ணுற அளவுக்கு ஒரு யூனிட், அதுலயும் டிஜிட்டல் வேண்டாம்னு 16 எம்எம் ஃபிலிம்ல எடுத்திருக்காங்க. இப்ப நீங்களே சொல்லுங்க, இந்த பட்ஜெட்டுக்கு எந்த ஸ்டார் வருவான், அதுவும் இப்படி ஒரு அயோக்கியனா, தன் லாபத்துக்கு யார வேணா பலி குடுக்குற ஒருத்தனா நடிக்க?

அந்த நேரத்துல சைமன் ரெக்ஸ் கலிஃபோர்னியால ஜோஷுவா ட்ரீ பக்கம் பாலைவனத்துல ஒதுங்கி உக்காந்திருந்தாரு. சினிமால இருந்து ஃபோனே வரல. பேக்கர் இவரோட குட்டி குட்டி காமெடி வீடியோங்கள ஆன்லைன்ல ரொம்ப நாளா பாத்துட்டு இருந்தவர், திடீர்னு கூப்ட்டு ஒரு பக்கத்த அனுப்பி இத படிச்சு ஃபோன்லயே ரெக்கார்ட் பண்ணி அனுப்புன்னு சொல்லிருக்காரு. பாத்துட்டு, மூணு நாள்ல டெக்சாஸ்ல இருக்கணும், ஏஜென்ட் கிட்டலாம் சொல்லிட்டு இருக்காதன்னு. ஃப்ளைட்ல போனா குவாரண்டைன்ல ஒக்கார வச்சிடுவாங்கன்னு மனுஷன் கார எடுத்துட்டு ஓட்டிட்டே போயிட்டாரு. அடுத்த வருஷம் ஜூலைல படம் கான்ஸ் திரைப்பட விழால போட்டிப் பிரிவுல. 2022 மார்ச்ல இண்டிபெண்டண்ட் ஸ்பிரிட் அவார்டு, சிறந்த நடிகர்.

இதுல பழைய வீடியோ எங்க வருதுன்னா, இந்த ரோல குடுத்தா இவர் கூச்சப்பட மாட்டாரு, இமேஜ் போயிடும்னு பயப்பட மாட்டாரு, ஏன்னா போறதுக்கு ஒண்ணும் மிச்சம் இல்ல. பேக்கருக்கு வேண்டியது அதான்னு எனக்கு தோணுது.

---

ஓரசீட்டு:

கட்டிங் டேபிள் சொன்னதெல்லாம் சரி, ஆனா சைமன் ரெக்ஸ இந்த லிஸ்ட்ல சேக்குறதே எனக்கு ஒத்துக்க முடியல. அவர் எப்ப பாஸ் பலான பட நடிகரா இருந்தாரு? 90கள் ஆரம்பத்துல கைல காசு இல்லாத நேரத்துல தனியா சில வீடியோ, அவ்ளோதான். அப்பறம் மாடலிங், அப்பறம் எம்டிவில விஜே, அங்க மூஞ்சி ஃபேமஸ் ஆனதும் பழசு வெளிய வந்து பேப்பர்காரங்க கிழிச்சாங்க, அது உண்மைதான், அதனால சில வாய்ப்பு போயிருக்கும். ஆனா அதுக்கு அப்பறமும் டிவி சீரியல், 2003ல ‘ஸ்கேரி மூவி 3’, நடுவுல டர்ட் நாஸ்டின்னு பேர் வச்சுகிட்டு ராப் பாட்டு வேற. அந்த வீடியோவுக்கும் ரெட் ராக்கெட்டுக்கும் நடுவுல ஒரு கால் நூற்றாண்டு இருக்கு. இதுக்குப் பேரு மறுபடி ஃபார்முக்கு வந்த காமெடி நடிகர், அவ்ளோதான்.

நேரா அங்கருந்து இங்க தாண்டுனவங்கன்னா அது சாஷா க்ரே. சாக்ரமென்டோ பக்கம் பொறந்த பொண்ணு, 2006ல 18 வயசுல அந்த தொழிலுக்கு போகுது, 2008ல அவங்க தொழில்ல குடுக்குற பெரிய அவார்டே வாங்கியாச்சு. இதுல விஷயம் என்னன்னா அந்த பொண்ணு ஃபிரெஞ்சு டைரக்டர் கோதார் படம் பாத்து வளர்ந்த கேஸு, தொழிலுக்கு முதல்ல வச்சுக்க நினைச்ச பேரே அன்னா கரினான்னு! (கோதாரோட ஹீரோயின், தெரியாதவங்களுக்கு). இந்த பொண்ணப் பத்தி லாஸ் ஏஞ்சலஸ் பத்திரிகை ஒண்ணுல வந்த கட்டுரைய டைரக்டர் ஸ்டீவன் சோடர்பெர்க் படிக்கிறாரு, ‘த கேர்ள்ஃபிரண்ட் எக்ஸ்பீரியன்ஸ்’ படத்துல ஹீரோயினா போடறாரு. 2008 அக்டோபர்ல, நியூயார்க்ல பேங்கெல்லாம் கவுந்து, ஒபாமா எலக்‌ஷன் ஓடிட்டு இருந்த அந்த வாரங்கள்லயே ஷூட்டிங். 13 லட்சம் டாலர் பட்ஜெட், 77 நிமிஷம் படம்.

அந்த படத்த பாத்தவங்களுக்கு தெரியும், எதிர்பாத்துப் போனவனுக்கு ஏமாத்தம்தான், ஏன்னா அதுல அந்த மாதிரி எதுவுமே கிடையாது. கதைல காசு வாங்கிட்டு பணக்காரங்க கூட போற பொண்ணு அது, ஒரு கஸ்டமர பாத்துட்டு வந்து இன்னிக்கு என்ன டிரஸ் போட்டேன், என்ன பிராண்டு செருப்பு, எங்க சாப்ட்டோம்னு ஒரு கணக்குப்பிள்ள மாதிரி ஒரே டோன்ல எழுதி வைக்கும், நமக்கு அது வாய்ஸ் ஓவர்ல வரும். வர்ற ஆம்பளைங்க எல்லாம் மார்க்கெட் விழுந்துச்சு, தங்கத்துல காச போடுன்னு இந்த பொண்ணுக்கே அட்வைஸ் பண்ணிட்டு இருப்பானுங்க. அந்த ஒட்டாத குரல சில விமர்சகருங்க நடிப்பே வரலன்னு எழுதினாங்க, எனக்கு என்னமோ அதுதான் கரெக்ட்டான நடிப்பு. எல்லாத்தையும் விலை போட்டு பாக்குற ஊர்ல பொண்ணு வேற எப்படி பேசும்.

ஆனா ‘தொடர்ந்து’ன்னு கேட்டீங்க பாருங்க, அங்கதான் இடிக்குது. ‘ஆன்டராஜ்’ சீரியல்ல 2010ல வந்துச்சு, அதுல தன் பேர்லயே ஒரு பலான பட நடிகையா. 2011ல தொழில விட்டாச்சுன்னு அறிவிச்சுது. 2014ல ‘ஓப்பன் விண்டோஸ்’னு ஒரு த்ரில்லர், எலைஜா வுட் கூட. நாவல் எழுதுச்சு, மியூசிக் பண்ணுச்சு, அப்பறம் ட்விட்ச்ல கேம் ஸ்ட்ரீமிங். சோடர்பெர்க் லெவல்ல இன்னொரு டைரக்டர் கூப்புடவே இல்ல.

---

ப்ளாக்ல_பத்து:

இவ்ளோ தூரம் அமெரிக்கா போவானேன், நம்ம ஷகிலா மேடம் இல்லயா 😂

---

பழைய_பேப்பர்:

தம்பி ப்ளாக்ல பத்து, அது வேற இது வேற. ஷகிலா நடிச்சது சென்சார் சர்டிஃபிகேட் வாங்கி, மேட்னி ஷோவுல தியேட்டர்ல ஓடுன படம். 2000ல ‘கின்னார தும்பிகள்’ ஓடுன ஓட்டம் அந்த வயசுக்காரங்களுக்கு தெரியும். அப்பறம் தமிழ்ல காமெடி ரோல், டிவில ‘குக் வித் கோமாளி’ வந்து எல்லாரும் அம்மா அம்மான்னு கூப்புட்டது வரைக்கும் அது தனி கதை, அதுக்கு தனி த்ரெட்டே போடலாம்.

டூரிங் டாக்கீஸ் கேட்டதுக்கு வர்றேன். இது ஒண்ணும் புதுசு இல்லப்பா. மர்லின் சேம்பர்ஸ்னு ஒருத்தங்க. ஐவரி ஸ்னோன்னு ஒரு சோப்புத்தூள் கம்பெனி டப்பால கொழந்தைய கைல வச்சுகிட்டு சிரிக்கிற அம்மாவா மாடலிங் பண்ணவங்க. அதே டப்பா கடைல வித்துட்டு இருக்கும்போதே 1972ல அவங்க நடிச்ச ‘பிஹைண்ட் த கிரீன் டோர்’ தியேட்டர்ல வந்துச்சு, அமெரிக்காவே அல்லோலப்பட்டுச்சு. கம்பெனிக்காரன் டப்பாவ மாத்துனான்.

1977ல டேவிட் க்ரோனன்பெர்க், அப்ப அவர் கனடால சின்ன பட்ஜெட் ஹாரர் எடுத்துட்டு இருந்த ஆளு, ‘ரேபிட்’ படத்துல இந்தம்மாவ ஹீரோயினா போட்டாரு. அவருக்கு முதல்ல பிடிச்சிருந்தது சிஸ்ஸி ஸ்பேசெக், தயாரிப்பு பக்கம் ஒத்து வரல. மர்லின் சேம்பர்ஸ போடலாம்னு சொன்னது தயாரிப்புல இருந்த ஐவன் ரைட்மன், பின்னாடி ‘கோஸ்ட்பஸ்டர்ஸ்’ எடுத்தாரே அவர்தான். பேர் இருக்கு, போஸ்டர்ல போட்டா டிக்கெட் விக்கும், அதான் கணக்கு. ஆனா படத்துல இந்தம்மா நல்லாவே நடிச்சிருப்பாங்க, ஒரு ஆபரேஷனுக்கு அப்பறம் தனக்கு என்ன ஆச்சுன்னே தெரியாம ஆளுங்கள கொன்னுட்டு, ஃபோன்ல அழற சீனு இருக்கு, பாருங்க.

அப்பறம் என்ன ஆச்சு? வேற எந்த நல்ல படத்துக்கும் கூப்புடல. 1980ல பழைய தொழிலுக்கே திரும்பி போனாங்க. 2009 ஏப்ரல்ல இறந்தாங்க. ஓரசீட்டு சொன்ன சோடர்பெர்க் படம் வீட்ல காசு கட்டி பாக்குற மாதிரி அமெரிக்கால ரிலீஸ் ஆனதும் அதே மாசக் கடைசிலதான்.

---

கேன்டீன்_சமோசா:

சன்னி லியோன யாரும் சொல்லலயேன்னு வந்தேன். கனடால ஒண்டாரியோ, சார்னியா ஊர்ல ஒரு சீக்கிய குடும்பத்துல பொறந்தவங்க, நிஜப்பேரு கரன்ஜித் கௌர் வோரா. 2011ல இந்தி பிக் பாஸ் வீட்டுக்குள்ள இருக்கும்போதே மகேஷ் பட் போய் ‘ஜிஸ்ம் 2’வுக்கு கேட்டாரு. அதுக்கப்பறம் பத்து வருஷத்துக்கு மேல பாட்டு, பேய்ப்படம், கவர்ச்சி ரோல். நம்ம ஊர்லயும் அதான, 2014 ‘வடகறி’ல ஒரு குத்துப் பாட்டு, 2022 ‘ஓ மை கோஸ்ட்’ல ராணி. 2016ல ஒரு இங்கிலீஷ் சேனல் பேட்டில பழச வச்சு பேட்டி எடுத்த ஆளு திரும்பத் திரும்ப குத்துனதும், இவங்க ஒரு வார்த்தை தடிக்காம பதில் சொன்னதும் ஞாபகம் இருக்கும். ஆமிர் கான் கூட நான் உங்க கூட நடிக்க ரெடின்னு ட்வீட் போட்டாரு. சேர்ந்து நடிச்சாரான்னு கேக்காதீங்க.

இப்ப மேட்டர் என்னன்னா 2023ல அனுராக் காஷ்யப்போட ‘கென்னடி’. கான்ஸ்ல மிட்நைட் ஸ்கிரீனிங். இவங்களுக்கு சார்லின்னு ஒரு ரோல், டீசர்லயே அந்த ஒரு மாதிரி சிரிப்பு ஒண்ணு வரும், பாட்டுக்கு ஆட வந்த ஆளா தெரியாது. மும்பை சினிமால ஒரு சீரியஸ் டைரக்டர் இவங்கள நடிகையா பாக்க கிட்டத்தட்ட 12 வருஷம் ஆயிருக்கு.

சைடுல ஒண்ணு, அந்த கென்னடிங்கற பேரே நம்ம விக்ரமால வந்தது. அவர் நிஜப்பேரு கென்னடி ஜான் விக்டர் இல்லயா, அவர மனசுல வச்சுதான் எழுதினேன், காண்டாக்ட் பண்ணேன், பதிலே வரலன்னு அனுராக் ஒரு பேட்டில சொன்னாரு. ஒடனே விக்ரம் ட்விட்டர்ல, விஷயம் கேள்விப்பட்டதும் நானே உங்களுக்கு ஃபோன் பண்ணேனே, நீங்க அனுப்புன மெயில் ஐடி இப்ப இல்ல, நம்பரும் மாறிப் போச்சுன்னு விளக்கம் குடுத்தாரு. கடைசில ராகுல் பட் பண்ணாரு. விக்ரம் பண்ணிருந்தா எப்படி இருந்திருக்கும்னு யோசிச்சா கொஞ்சம் வயித்தெரிச்சலா இருக்கு.

---

இடைவேளை_காபி:

எல்லாரும் எழுதுனத படிச்சேன். ஒரு பொண்ணா எனக்கு பட்டத சொல்றேன்.

ஆம்பளைக்கும் பொம்பளைக்கும் ஒரே கணக்கு இல்லங்க இது. சைமன் ரெக்ஸுக்கு அந்த பழைய கதை ஒரு சுவாரசியமான ஃப்ளாஷ்பேக், பேட்டில சிரிச்சுகிட்டே சொல்றாரு, கேக்குறவங்களும் சிரிக்கிறாங்க. ரெட் ராக்கெட்டுக்கு அப்பறம் 2023ல ‘த ஸ்வீட் ஈஸ்ட்’, 2024ல ஸோயி க்ராவிட்ஸோட ‘ப்ளிங்க் ட்வைஸ்’னு வேலை வந்துட்டே இருக்கு. சாஷா க்ரே 2011ல, தொழில விட்டு பல மாசம் ஆனப்பறம், கலிஃபோர்னியால காம்ப்டன்ல ஒரு ஸ்கூல்ல சின்னப் பசங்களுக்கு கத படிச்சு காட்டப் போனதுக்கே பெத்தவங்க கிட்டருந்து எதிர்ப்பு, நியூஸ் ஆகி நாறிப் போச்சு. கதப் புத்தகம் படிச்சதுக்கு.

இன்னொண்ணு கவனிச்சீங்களா, ‘கேர்ள்ஃபிரண்ட் எக்ஸ்பீரியன்ஸ்’ 2016ல டிவி சீரிஸா வந்துச்சு, அப்ப லீட் ரோல் ரைலி கியோ, எல்விஸ் ப்ரெஸ்லியோட பேத்தி. கோல்டன் குளோப் நாமினேஷனும் வந்துச்சு. ஷான் பேக்கரையே எடுத்துக்கோங்க, 2012ல ‘ஸ்டார்லெட்’ல இருந்து இந்த உலகத்த பத்தியே படம் எடுக்குற ஆளு, மரியாதையாவும் எடுக்குறாரு, 2024ல கான்ஸ்ல பெரிய விருது வாங்கினப்ப மேடைலயே பாலியல் தொழிலாளிங்களுக்கு அத சமர்ப்பிச்சாரு. அந்த விருது வாங்குன ‘அனோரா’ அப்பறம் 5 ஆஸ்கரும் வாங்குச்சு. அதுல பாலியல் தொழிலாளியா நடிச்ச மைக்கி மேடிசனுக்கும் ஒண்ணு. மேடிசன் சூப்பரா நடிச்சாங்க, அதுல சந்தேகமே இல்ல, ஆனா அவங்க அந்தத் தொழில்ல இருந்து வந்தவங்க இல்ல, ரோலுக்காக கத்துகிட்டவங்க. அந்த வாழ்க்கைய நடிச்சுக் காட்டுனா மேடை ஏத்துவாங்க, வாழ்ந்துட்டு வந்தா ஒரு படம் குடுத்து ‘எவ்ளோ தைரியம் பாருங்க’ன்னு டைரக்டர பாராட்டிட்டு அனுப்பிடுவாங்க. எனக்கு பேக்கர ரொம்ப பிடிக்கும், அதனாலதான் இந்த கோவம்.

காசும் ஒரு விஷயம். அந்தத் தொழில்ல ஒரு நாளைக்கு இவ்ளோன்னு வாங்குறதோட முடிஞ்சுது, அப்பறம் அந்த வீடியோ இருபது வருஷம் ஓடுனாலும் நடிச்சவங்களுக்கு ஒரு பைசா வராது. சாதாரண ஹாலிவுட் நடிகருக்கு யூனியன் இருக்கு, டிவில மறுபடி போட்டா பங்கு வரும். இவங்களுக்கு அது கிடையாது. அதனால இண்டி படத்துல கம்மி சம்பளத்துக்கு ரெண்டு மூணு வருஷம் காத்திருந்து பேர் வாங்குற அளவுக்கு கைல மிச்சமே இருக்காது.

---

ஓரசீட்டு:

காபி மேடம் சொன்னதுல முக்காவாசி ஒத்துக்கறேன். ஆனா சோடர்பெர்க் விளம்பரத்துக்காக எடுத்தாருங்கற மாதிரி தொனிக்குது, அது முழுசா சரி இல்ல. அந்த படத்துல ஹீரோயின் மட்டும் இல்ல, முக்காவாசி பேர் நடிகரே கிடையாது. பத்திரிகைக்காரரா வர்றவர் நெஜ பத்திரிகைக்காரர், இந்த பொண்ண கேவலமா விமர்சனம் எழுதுற ஆளா வர்ற க்ளென் கென்னி நெஜ சினிமா விமர்சகர். வசனம் பாதி அங்கயே பேசிப் பாத்து பிடிச்சது. அதுக்கு முன்னாடி ‘பபுள்’ படத்துலயும் அவர் ஊர்க்காரங்கள வச்சுதான் எடுத்தாரு, அவங்களுக்கும் அடுத்த படம் வரல.

---

இடைவேளை_காபி:

ஊர்க்காரங்களுக்கு திரும்பிப் போக அவங்க வேலையாவது இருந்துச்சு சார்.

---

டூரிங்_டாக்கீஸ்:

இவ்ளோ பதில் வரும்னு நெனைக்கல, எல்லாருக்கும் நன்றி. காபி சொன்னத படிச்சப்பறம் ரெட் ராக்கெட்டயே வேற மாதிரி யோசிக்க வேண்டியிருக்கு, ஏன்னா மைக்கி தன் அவார்டு கதையெல்லாம் பெருமையா அளந்து விடுவான், ஆனா அவன் கூடவே அந்தத் தொழில்ல இருந்த அந்த பொண்டாட்டி லெக்ஸி அதப் பத்தி வாயே தொறக்க மாட்டா, ஊரோட ஒதுங்கி அம்மா வீட்ல கெடக்குறா. ரெண்டு பேரும் செஞ்சது ஒரே வேலைதான்.

ஐரோப்பா பக்கம் யாராச்சும் இருக்காங்களா? அங்க கொஞ்சம் பரவால்லன்னு கேள்வி.

---

பழைய_பேப்பர்:

இருக்காங்க. ஃபிரெஞ்சுல கேத்தரின் ப்ரெயா, பெண் டைரக்டர், ரோக்கோ சிஃப்ரெடிங்கற இத்தாலிக்காரர 1999ல ‘ரொமான்ஸ்’லயும் 2004ல ‘அனாடமி ஆஃப் ஹெல்’லயும் போட்டாங்க. ஒரே டைரக்டர் ரெண்டு தடவ கூப்ட்டது இதுல ஒண்ணுதான் எனக்கு தெரிஞ்சு. கிறிஸ்டோஃப் ஒனோரே 2010ல பிரான்ஸ்வா சகாங்கற நடிகர வச்சு ‘மேன் அட் பாத்’ எடுத்தாரு. நீங்க கவனிச்சிருப்பீங்க, ரெண்டு பேருமே ஆம்பளைங்க. காபி சொன்ன கணக்கு அங்கயும் அதேதான்.

---

கட்டிங்_டேபிள்:

டூரிங், அடுத்து பாக்கறதுன்னா ‘ஸ்டார்லெட்’ல இருந்து ஆரம்பிங்க, அத யாரும் கண்டுக்கறதே இல்ல. 21 வயசு பொண்ணுக்கும் தனியா இருக்குற ஒரு பாட்டிக்கும் நடுவுல வர்ற சிநேகம், பழைய சாமான் விக்கிறப்ப வாங்குன ஃபிளாஸ்க்குக்குள்ள பணம் இருக்கும், அதுல ஆரம்பிக்கிற கத. அந்த பொண்ணு என்ன வேலை பாக்குதுன்னே பாதி படம் வரைக்கும் சொல்ல மாட்டாரு. அந்தத் தொழில்ல நெஜமாவே இருக்குறவங்க சிலர் சின்னச் சின்ன ரோல்ல வர்றாங்க. அப்பறம் சோடர்பெர்க் படம். ‘ரேபிட்’ ராத்திரி சாப்புடறதுக்கு முன்னாடி பாக்காதீங்க.